அடுத்த அறையில் இருந்தவர்



1800-ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 28-ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை. டேனிஷ்காரரின் ஆளுகையில் இருந்த செராம்பூரில், ஹூக்ளி ஆற்றின் படித்துறையில் ஐரோப்பியரும் வங்காளியருமாக ஒரு கூட்டம் கூடியிருந்தது. வில்லியம் கேரி ஆற்றில் இறங்கி இருவருக்கு ஞானஸ்நானம் கொடுத்தார். ஒருவர் அவருடைய மூத்த மகன் பீலிக்ஸ்; மற்றவர் கிருஷ்ண பால் என்னும் தச்சர். ஏழு ஆண்டுக் காத்திருப்புக்குப் பின் அந்த ஊழியத்தில் கிடைத்த முதல் வங்காள விசுவாசி அவரே.

மிஷனெரி ஞாயிறுகளில் இந்தக் காட்சியை நான் பல முறை பிரசங்கித்திருக்கிறேன். உங்களில் மூத்தவர்களுக்கு அது நினைவிருக்கும். ஆனால் அதே நாளில், அந்தப் படித்துறைக்கு அருகிலிருந்த மிஷன் வீட்டில் நடந்ததை நான் ஒருமுறையும் சொன்னதில்லை. அங்கே ஓர் அறையில் கேரியின் மனைவி டாரத்தி அடைத்து வைக்கப்பட்டிருந்தார். வேறோர் அறையில், கேரியை இந்தியாவுக்கு அழைத்து வந்த மருத்துவர் ஜான் தாமஸ் அடைக்கப்பட்டிருந்தார். கிருஷ்ண பால் மனந்திரும்பிய மகிழ்ச்சி மிகுதியில் அவர் சித்தம் கலங்கியிருந்தது. ஆற்றங்கரையில் பாட்டும் ஜெபமும், வீட்டுக்குள் இரண்டு பூட்டிய கதவுகள். சக ஊழியர் வில்லியம் வார்டு தம் நாட்குறிப்பில் இரண்டையும் எழுதி வைத்திருக்கிறார். ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிட்டது என்னைப் போன்ற பிரசங்கிகள்தாம்.

இந்த வாரம் விட்டதைச் சொல்ல விரும்புகிறேன். அதற்கான காரணத்தைப் பின்னர் கூறுகிறேன்.

டாரத்தி பிளாக்கெட் இங்கிலாந்தின் நார்தாம்ப்டன்ஷயரில், பிடிங்டன் என்னும் சிற்றூரைச் சேர்ந்தவர். 1781-ஆம் ஆண்டு ஜூன் 10 அன்று அவ்வூர்த் தேவாலயத்தில் அவருக்குத் திருமணம் நடந்தது. மணமகனுக்கு வயது 19. செருப்புத் தைக்கும் தொழில். மணமகள் அவரைவிட ஐந்து வயதுக்கு மேல் மூத்தவர், எழுத்தறியாதவர். ஆகவே திருமணப் பதிவேட்டில் பெயருக்குப் பதிலாக ஒரு சிலுவைக் குறியை இட்டார். வறுமையான குடும்பம். முதற்குழந்தை ஆன் இரண்டு வயதில் காய்ச்சலில் இறந்தாள். அதே காய்ச்சலில் விழுந்து எழுந்த கேரி தலைமுடியை இழந்தார். அடுத்து லூசி என்னும் பெண் குழந்தையும் தவறியது. பீலிக்ஸ், வில்லியம், பீட்டர் என மூன்று ஆண் மக்கள் பிழைத்தனர். இந்தியாவைப் பற்றிய பேச்சு வீட்டில் எழுந்த காலத்தில் டாரத்தி மீண்டும் கருவுற்றிருந்தார்.

கேரியின் புகழ்பெற்ற நூல் 1792-இல் வெளிவந்தது. அந்த அக்டோபரில் பாப்டிஸ்ட் மிஷனெரி சங்கம் உருவாயிற்று. 1793 ஜனவரியில் கேரியும் ஜான் தாமஸும் அதன் முதல் ஊழியராகத் தெரிவு செய்யப்பட்டனர். டாரத்தி வர மறுத்தார். பின்வந்த நூலாசிரியர் பலர் இந்த மறுப்பை விசுவாசக் குறைவாகவே எழுதியிருக்கின்றனர். ஆயினும் அவருடைய நிலையில் நின்று பார்ப்போம். நிறைமாதத்தை நெருங்கும் கர்ப்பிணி. இரு பெண் மக்களைப் புதைத்தவர். பிறந்த ஊரைச் சுற்றியே வாழ்ந்தவர். அந்தப் பிப்ரவரியில் பிரான்சுடன் போரும் மூண்டுவிட்டது. கடலில் எந்தக் கப்பலுக்கும் பாதுகாப்பில்லை. நம் வீட்டுப் பெண் ஒருவர் இத்தகைய நேரத்தில் இல்லையென்று சொன்னால், அதற்குச் சொல்லும் பெயர் விவேகம் என்றே நினைக்கிறேன்.

கேரி மூத்த மகனை மட்டும் அழைத்துக்கொண்டு புறப்பட்டார். ஆனால் கிழக்கிந்தியக் கம்பெனியின் உத்தரவுச் சீட்டு அவர்களிடம் இல்லை; தாமஸுக்கோ கடன்காரர் தொல்லை. வைட் தீவின் அருகே அவர்கள் கப்பலிலிருந்து இறக்கிவிடப்பட்டனர். இந்த இடைவெளியில் ஜாபெஸ் பிறந்தான். குழந்தைக்கு மூன்று வாரம் ஆகியிருந்தபோது கேரியும் தாமஸும் மறுபடியும் வந்து அழைத்தனர். டாரத்தி மீண்டும் மறுத்தார். இருவரும் திரும்பி நடந்தபின், தாமஸ் மட்டும் பாதி வழியிலிருந்து திரும்பி வந்து பேசினார். வராவிட்டால் குடும்பம் என்றென்றைக்கும் பிரிந்துபோகும், ஆயுள் முழுதும் இதை எண்ணி வருந்துவீர்கள் என்ற பொருளில் பேசியதாக அவரே பின்னர் எழுதியிருக்கிறார். டாரத்தி அஞ்சினார். தங்கை கிட்டி உடன் வருவதானால் வருகிறேன் என்றார். கிட்டி இசைந்தார். ஒரே நாளுக்குள் வீட்டைக் காலி செய்தார்கள்.

அந்த நிபந்தனையை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

1793 ஜூன் 13 அன்று டோவரில் டேனிஷ் கப்பலொன்றில் ஏறினர். நவம்பரில் கல்கத்தாவை அடைந்தனர். ஐந்து மாதக் கடற்பயணம், கைக்குழந்தையோடு. வந்திறங்கிய சில வாரங்களிலேயே, தாமஸின் கையில் இருந்த பணம் கரைந்துபோயிற்று. இடம் மாறி இடம் மாறிக் கடைசியில் மாணிக்தலாவில் ஒரு வங்காளச் செல்வர் இரங்கிக் கொடுத்த சிறு வீட்டில் தங்கினார்கள். டாரத்தியையும் பீலிக்ஸையும் இரத்தபேதி பிடித்துக்கொண்டது. ரொட்டி முதலியவை இல்லாமல் வாழ்வதைத் தம் மனைவியும் அவர் தங்கையும் பெருங்கஷ்டமாக எண்ணுகிறார்கள் என்று கேரி தம் நாட்குறிப்பில் சற்றுக் கசப்போடு எழுதினார். அவர் அதை முறுமுறுப்பு என்றே கருதியிருக்க வேண்டும். நான் அந்த வரியைப் படித்தபோது வெளிநாட்டில் பிள்ளைகளோடு போய்த் தங்கிய நம் சபைத் தாய்மார் சிலர் நினைவுக்கு வந்தனர். சுட்ட சோற்றுக்கும் ரசத்துக்கும் ஏங்கி அவர்கள் தொலைபேசியில் அழுதது வெறும் உணவுக்காகவா?

1794 பிப்ரவரியில், உப்பு நீர் ஆறுகளின் வழியே படகில் சென்று சுந்தரவனக் காட்டின் ஓரம் தேபஹாட்டா என்னும் இடத்தில் இறங்கினார்கள். புலிகளுக்கு அஞ்சி மக்கள் விட்டுப்போயிருந்த நிலம் அது. கம்பெனியின் உப்பு அதிகாரி சார்லஸ் ஷார்ட் அவர்களுக்குத் தம் வீட்டில் இடம் கொடுத்தார். நல்ல மனிதர். அவரும் கிட்டியும் ஒருவரையொருவர் விரும்பினர். சில மாதங்களில் மால்டாவுக்கு வடக்கே முட்னாபட்டியில் உள்ள அவுரித் தொழிற்சாலையை மேற்பார்க்கும் வேலை கேரிக்குக் கிடைத்தது; மாதம் 200 ரூபாய். குடும்பம் மீண்டும் படகில் ஏறியது. கிட்டி ஏறவில்லை. அவர் ஷார்ட்டை மணக்க அங்கேயே தங்கிவிட்டார்.

டாரத்தி வைத்திருந்த ஒரே நிபந்தனை, வங்காளம் வந்து எட்டு மாதம் முடிவதற்குள் முடிந்துபோயிற்று. இதில் யாரையும் குற்றம் சொல்ல இயலாது. கிட்டிக்கும் ஒரு வாழ்வு வேண்டும் அல்லவா? ஆனாலும் அந்தப் படகு கரையை விட்டு நகர்ந்தபோது, ஊர்ப் பேச்சில் பேசி, ஊர் மனிதரின் பெயரைச் சொல்லிச் சிரிக்க, தன் பெண்பிள்ளைகள் இறந்த நாளை நினைவுபடுத்திக்கொள்ள அவருக்கு ஒருவரும் மீதமில்லை. கணவரோ அவுரிக் கிடங்கு, வங்காள மொழி, சமஸ்கிருதம், கிராமப் பிரசங்கம் என்று முழுகிவிட்டார். இங்கிலாந்திலிருந்து ஒரு கடிதமும் வரவில்லை. முதற்கடிதங்கள் வந்து சேர்ந்தபோது 1795 மே மாதம் ஆகிவிட்டது.

அதற்கு முன்பே பீட்டர் இறந்தான். 1794 அக்டோபர் மாதம்; ஐந்து வயது. ஆங்கிலமும் வங்காளமும் சேர்த்துப் பேசித் திரிந்த பிள்ளை. பேதி கண்டு சில நாட்களில் போய்விட்டான். கேரியும் அப்போது காய்ச்சலில் எழ முடியாமல் கிடந்தார். பிணப்பெட்டி செய்யத் தச்சர் கிடைக்கவில்லை. குழி வெட்ட ஆள் கிடைக்கவில்லை. தொட்டால் சாதி போய்விடும் என்ற அச்சம். கடைசியில் நான்கு முகமதியர், ஒருவர் மற்றவரைப் பழிக்க முடியாதபடி நால்வரும் சேர்ந்தே வருவதென்று இணங்கிக் குழி தோண்டினர். சடலத்தைச் சுமக்க மறுபடியும் ஆள் இல்லை. நாமே சுமந்து செல்வோம் என்று கணவனும் மனைவியும் தீர்மானித்த வேளையில், வீட்டின் கழிவு அகற்றும் பணியாளும், ஏற்கெனவே சாதியை இழந்திருந்த ஒரு பையனும் முன்வந்தனர். குழி தோண்டியவர்களோடு உண்ணவோ புகைக்கவோ கூடாதென்று மறுநாள் ஊர்த் தலைவர் கட்டளை பிறப்பித்தார். கேரி தலையிட்டுத்தான் அதை நீக்க வேண்டியதாயிற்று.

ஒரு தாய் தன் ஐந்து வயது மகனின் உடலைத் தானே தூக்கிச் செல்ல எழுந்து நின்றதும், பிறகு அதற்கும் அவசியமில்லாமல் அமர்ந்ததும் நம் கண்முன் நிற்கவேண்டும். இதற்குப் பின் சில மாதங்களில்தான் நோய் வெளிப்படுகிறது.

முதலில் அது நோயாகத் தோன்றவில்லை. கணவர்மீது சந்தேகமாகத் தோன்றியது. கேரி பிற பெண்களோடு தவறான தொடர்பு வைத்திருக்கிறார் என்று டாரத்தி நம்பத் தொடங்கினார். 1795-ஆம் ஆண்டின் தொடக்கத்து நாட்குறிப்புகளில் கேரி தம் வேதனையின் காரணத்தை எழுதாமல் வேதனையை மட்டும் எழுதுகிறார். அந்த ஜூனில் நாட்குறிப்பே நின்றுபோகிறது. அக்டோபரில் தம் சகோதரிகளுக்கு எழுதிய கடிதத்தில்தான், மனைவியின் மனத்தைப் பிடித்திருப்பது பொறாமை என்றும், தம் உயிருக்கே ஆபத்து நேர்ந்ததுண்டு என்றும் திறந்து சொல்கிறார். 1796-இன் தொடக்கத்தில் தாமஸ் சங்கத்தின் செயலர் ஆண்ட்ரூ ஃபுல்லருக்கு எழுதிய கடிதம் இன்னும் வெளிப்படையானது. டாரத்தி கணவரை வெளியிடங்களில் பின்தொடர்ந்ததையும், எல்லோர் முன்னிலும் வசை கூறியதையும், தாக்க முயன்றதையும் அவர் விவரிக்கிறார். அந்த ஜனவரியிலேயே ஜோனத்தான் பிறந்தான் என்பதையும் சேர்த்து எண்ண வேண்டும். கொலை செய்யத் துணியும் அளவுக்கு வெறுத்த ஒருவரின் குழந்தையை அந்தத் தாய் வயிற்றில் சுமந்திருந்தார்.

இன்றைய மருத்துவர் இதை மருட்சிக் கோளாறு என்பர். நம் மக்கள் சந்தேக நோய் என்பர். இருநூறு ஆண்டுகளுக்கு முந்தைய கடிதங்களை வைத்துக்கொண்டு நோயின் பெயரைத் திட்டமாகச் சொல்வது தகாது. நான் மருத்துவனும் அல்லேன். இழப்புகள்தாம் நோயைக் கொண்டு வந்தன என்றும் அறுதியிடேன். அதைவிட அதிகம் இழந்தும் சித்தம் தெளிந்திருந்தவர் உண்டு. ஆயினும் இந்த நோயின் இயல்பை நாம் அறிந்திருப்பது நல்லது. இது மனிதரை ஒரே நாளில் வேறோர் உலகத்திற்குத் தூக்கிச் செல்வதில்லை. நோயாளி பிள்ளைகளின் பெயரை மறப்பதில்லை. சாப்பாட்டு வேளை தெரியும். கேட்ட கேள்விக்குப் பதில் வரும். ஒரே ஓர் எண்ணம் மட்டும் அசையாத தூணாக ஊன்றிக்கொள்கிறது. பிறகு அன்றாடத்தில் நடப்பவை யாவும் அந்தத் தூணைச் சுற்றியே வளைந்துகொள்கின்றன. கணவர் தாமதமாக வந்தால் அது சாட்சி. சீக்கிரம் வந்தால், மறைக்கத்தான் சீக்கிரம் வந்தார். மறுத்தால் பொய். மௌனமாயிருந்தால் ஒப்புதல். கேரி தொழிற்சாலைக்கும் கிராமங்களுக்கும் நாள்தோறும் வெளியே சென்றவர். ஆகவே சாட்சிக்குக் குறைவேயில்லை. சுற்றியிருப்போர் இதை வாதத்தால் மாற்றலாம் என்று முதலில் நினைப்பர். வாதத்தால் மாறுவதானால் அது வெறும் சந்தேகம், நோய் அன்று.

மற்றொன்றும் உண்டு. அன்றாட உண்மையை நாம் தனியாகப் பற்றிக்கொண்டிருப்பதாக எண்ணுகிறோம். உண்மையில் அப்படியில்லை. நாம் தவறாக எண்ணும்போது, அக்கா, அப்படியெல்லாம் இல்லை, நானும் அங்கேதானே இருந்தேன் என்று சொல்ல ஒருவர் வேண்டும். அப்படிச் சொல்லக்கூடிய ஒரே மனிதர் தேபஹாட்டாவின் கரையில் நின்றுவிட்டார். முட்னாபட்டியில் இருந்தவர் கணவர் ஒருவரே. நோயோ அந்த ஒருவரின் வாக்கையே நம்பத்தகாததாக்கிவிட்டது.

1799 அக்டோபரில் மார்ஷ்மன், வார்டு முதலியோர் வந்து சேர்ந்தனர். கம்பெனியின் எல்லைக்குள் அவர்களுக்கு இடமில்லாததால் டேனிஷ் செராம்பூரில் தங்கினர். 1800 ஜனவரி 10 அன்று கேரியின் குடும்பம் அங்கே போய்ச் சேர்ந்தது. அப்போது டாரத்தி முற்றிலும் சித்தம் பேதலித்த நிலையில் இருந்ததாக வார்டு சுருக்கமாக எழுதினார். கவனிப்பாரின்றி வளர்ந்த பிள்ளைகளை ஹன்னா மார்ஷ்மனும் வார்டும் தம் பொறுப்பில் எடுத்துக்கொண்டனர். இந்தப் பெண்மணியைப் பற்றி ஒரு தனிக் கட்டுரையே எழுத வேண்டும், இப்போது இடமில்லை. செராம்பூரின் மற்றச் சாதனைகளை நீங்கள் அறிவீர்கள். 1801-இல் வங்காளப் புதிய ஏற்பாடு அச்சேறியது. அந்த மொழிபெயர்ப்பின் கடைசிப் பக்கங்களும், அதைத் தொடர்ந்த பல மொழிகளின் வேலையும், மனைவியின் கூக்குரல் சுவருக்கு அப்பாலிருந்து கேட்கும் வீட்டில் நடந்தவை.

கேரியைப் பற்றி என்ன சொல்வது? அவர்மீது குற்றப்பத்திரிகை வாசிக்க எனக்கு மனமில்லை. அவரைக் குறையற்றவராகக் காட்டவும் இனி இயலாது. பொய்க் குற்றச்சாட்டைப் பன்னிரண்டு ஆண்டுகள் பொறுத்தார். மனைவியை விடுதியொன்றில் விட்டுவிடாமல் கடைசிவரை வீட்டிலேயே வைத்துக்கொண்டார். அக்காலத்து விடுதிகளை அறிந்தால் இது சிறிய காரியமன்று. லண்டனின் பெத்லெம் விடுதியில், 1770 வரை பொதுமக்கள் நோயாளிகளை வேடிக்கை பார்க்க வந்துபோயினர். மருந்து என்று சொல்லத்தக்க மருந்து 1950-களில்தான் கண்டறியப்பட்டது. ஆனால் வேறொரு வழியும் அப்போதே பிறந்திருந்தது. தாமஸ் அந்தக் கடிதத்தை எழுதிய அதே 1796-இல், இங்கிலாந்தின் யார்க் நகரில் குவேக்கர் சபையினர், தேயிலை வணிகர் வில்லியம் டியூக்கின் முயற்சியால் ஒரு விடுதியைத் திறந்தனர். தங்கள் சபையைச் சேர்ந்த ஹன்னா மில்ஸ் என்னும் விதவை 1790-இல் அவ்வூரின் பழைய விடுதியில் மாண்டுபோனார். நண்பர்கள் அவரைப் பார்க்கவும் அங்கே அனுமதி கிடைத்திருக்கவில்லை. அந்தத் துயரமே புதிய விடுதிக்குக் காரணமாயிற்று. அங்கே சங்கிலியில்லை, தோட்ட வேலை, நடை, விருந்தினரோடு தேநீர் என்று நோயாளிகள் மனிதராக நடத்தப்பட்டனர். நம் சென்னையிலும் வாலன்டைன் கானலி என்னும் மருத்துவர் 1794-இல் மனநோயாளிகளுக்கென ஒரு விடுதியைத் தொடங்கியிருந்தார். கீழ்ப்பாக்கம் என்ற பெயரை நாம் கேலிச் சொல்லாக்கி வைத்திருக்கிறோமே, அந்த மருத்துவமனையின் வேர் அங்கேதான் இருக்கிறது.

டாரத்திக்கு இவை எதுவும் எட்டவில்லை. ஜான் தாமஸ் 1801 அக்டோபரில் இறந்தார். டாரத்தி காய்ச்சல் கண்டு 1807 டிசம்பர் 8 அன்று தம் 51-ஆம் வயதில் இறந்தார். செராம்பூர் மிஷன் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டார். அடுத்த ஆண்டு கேரி, சார்லட் ருமோர் என்னும் கற்றறிந்த டேனிஷ் பெண்மணியை மணந்தார். பின்னர் எழுதப்பட்ட நூல்கள் பெரும்பாலும் சார்லட்டைக் கேரிக்கு ஏற்ற துணை என்று புகழ்ந்து, டாரத்தியைத் தடைக்கல்லாகக் கடந்து சென்றன. ஜேம்ஸ் பெக் என்னும் உளவியலாளர் டாரத்திக்கென்றே ஒரு வாழ்க்கை வரலாற்றை எழுதியபோது 1992 ஆகிவிட்டது. சபை அவருக்காக ஒரு நூல் எழுத ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் எடுத்துக்கொண்டது.

நம் வேதம் இவ்வளவு வெட்கப்படுவதில்லை. சவுலின் கலக்கத்தையும் நேபுகாத்நேச்சாரின் புத்திமாறாட்டத்தையும் அது மூடிவைக்கவில்லை. 88-ஆம் சங்கீதம் நம்பிக்கையின் ஒரு சொல்லும் இன்றி இருளிலேயே முடிகிறது. அதைத் திருத்தி முடிக்க ஒருவரும் துணியவில்லை. நம் ஆண்டவரையே அவருடைய இனத்தார் மதிமயங்கியவர் என்று எண்ணிப் பிடிக்கப் புறப்பட்டதை மாற்கு மூன்றாம் அதிகாரத்தில் எழுதி வைத்திருக்கிறார். நாமோ இத்தகைய நோயைக் கேட்டவுடன் பிசாசு என்கிறோம், அல்லது பாவத்தின் தண்டனை என்கிறோம், அல்லது பேசாமலே இருந்துவிடுகிறோம். மூன்றையும் நான் செய்திருக்கிறேன்.

இனி, இதை இப்போது எழுதியதன் காரணம். சில மாதங்களுக்கு முன் ஒரு வீட்டுக்கு ஜெபிக்கச் சென்றிருந்தேன். எங்கே, எந்தச் சபையில் என்பது வேண்டாம். அவ்வீட்டின் மகன் வெளியூரில் வேலை பார்ப்பதாக இரண்டு ஆண்டுகளாகச் சொல்லப்பட்டிருந்தது. நானும் அவனுடைய வேலைக்காக ஒவ்வொரு மாதமும் ஜெபித்து வந்தேன். அன்று ஜெபம் முடிந்து எழுந்தபோது, அடுப்படியிலிருந்து ஒரு தட்டில் சோறும் குழம்பும் உள்ளறைக் கதவை நோக்கிச் சென்றன. தட்டைக் கொண்டுபோன தாய் என்னைக் கண்டு நின்றுவிட்டார். நான் ஒன்றும் கேட்கவில்லை.

"அவன் எங்கயும் போகல ஐயா, இங்கதான் இருக்கான்," என்றார். "சாப்பாட்டுல நாங்க ஏதோ கலக்குறோம்னு சொல்றான். அதான் அவன் முன்னாலேயே ஒரு வாய் நான் சாப்பிட்டுக் காட்டிட்டுத்தான் குடுக்கிறேன்."

முதலில் அவன் செய்தித்தாளைத்தான் நம்பவில்லையாம். பிறகு பக்கத்து வீட்டாரை. பிறகு தகப்பனை. ஒவ்வொன்றும் சிறியதாக இருந்ததால், வேலை போன வருத்தம் என்றே எண்ணிக்கொண்டார்களாம். சபையில் தெரிந்தால் தங்கைக்கு வரன் அமையாது என்ற அச்சமும் இருந்தது. அந்த அச்சத்தை வீண் என்று சொல்ல என்னால் இயலவில்லை. வரன் பார்க்கும்போது நம்மவர் என்ன விசாரிக்கிறார்கள் என்பதை நானும் அறிவேன்.

வீடு திரும்பி அன்று இரவு கேரியின் வாழ்க்கை வரலாற்றை மீண்டும் எடுத்தேன். டாரத்தியின் பெயர் வரும் பக்கங்களை மட்டும் தேடிப் படித்தேன். சிலவே இருந்தன.

அந்தத் தாயின் சம்மதத்தோடுதான் இதை எழுதுகிறேன். மகன் இப்போது மாதம் இருமுறை அரசு மருத்துவமனைக்குப் போய் வருகிறான். மாத்திரை ஒத்துக்கொண்டிருக்கிறது, எல்லாம் தெளிந்துவிடவில்லை. சென்ற வியாழன் நான் போயிருந்தபோது உள்ளறைக் கதவு சிறிது திறந்திருந்தது. அவன் வெளியே வரவில்லை. நான் வாசலுக்கு அருகே நாற்காலியைப் போட்டு அமர்ந்து, அவனுக்குப் பிடித்த கிரிக்கெட்டைப் பற்றித் தாயிடம் தவறாக ஏதோ சொன்னேன். உள்ளேயிருந்து அவன் திருத்தினான்.